டிரையத்லானுக்கு முதல் ரோடு பைக்: எதை முதலில் முடிவு செய்வது

டிரையத்லானில் நீச்சல், சைக்கிள், ஓட்டம் ஆகிய மூன்றும் கடிகாரம் நிற்காமல் அடுத்தடுத்து நடைபெறுகின்றன. ஸ்பிரிண்ட் எனப்படும் குறுந்தொலைவுப் போட்டியில் 750 மீட்டர் நீச்சல், 20 கி.மீ. சைக்கிள், 5 கி.மீ. ஓட்டம் இருக்கும், ஒலிம்பிக் தொலைவில் இவை 1.5 கி.மீ., 40 கி.மீ., 10 கி.மீ. என இரட்டிக்கும். எந்தத் தொலைவாக இருந்தாலும் மொத்த நேரத்தில் ஏறத்தாழப் பாதி சைக்கிளின் மீதுதான் கழிகிறது. ஆகவே புதிதாக வருபவர் சைக்கிளைப் பற்றி அதிகம் யோசிப்பது இயல்பே. ஆனால் அந்த யோசனை பெரும்பாலும் எடை, கார்பன் இழை ஃபிரேம், கியர்களின் எண்ணிக்கை என்ற மூன்றையே சுற்றிவருகிறது. இவற்றுள் சில பின்னர் மாற்றிக்கொள்ளக் கூடியவை. மற்றவை தொடக்க நிலையில் பெரிய வேறுபாட்டை உண்டாக்காதவை. வாங்கிய பிறகு மாற்றவே இயலாதவை வேறு: ஃபிரேமின் அளவு, அதன் வடிவம், பிரேக்கின் வகை, எவ்வளவு அகலமான டயருக்கு அதில் இடம் இருக்கிறது என்பது. முதலில் இவற்றை முடிவு செய்துவிட்டால், மீதியில் தவறு நேர்ந்தாலும் சிறிய செலவில் திருத்திக்கொள்ளலாம்.

டிரையத்லான் பைக்கா, ரோடு பைக்கா

முழங்கைகளை ஊன்றி முன்னே படுத்தவாறு ஓட்டும் டிரையத்லான் பைக்குகளைப் போட்டிப் படங்களில் பார்த்தவுடன் அதுவே தேவை என்று தோன்றும். அவற்றின் இருக்கைக் குழாய் ரோடு பைக்கைவிடச் செங்குத்தாக நிற்கும். ரோடு பைக்கில் அந்தக் கோணம் பொதுவாக 72 முதல் 74 பாகை. டிரையத்லான் பைக்கில் 76 முதல் 80 பாகை. உடல் முழுவதும் முன்னோக்கிச் சுழன்று அமர்வதால், மார்பைத் தாழ்த்தினாலும் இடுப்பு மடிப்பு மிகவும் குறுகிவிடாது. காற்றைக் கிழித்துச் செல்வதற்கு இதைவிட நல்ல ஏற்பாடு இல்லை என்றே சொல்லலாம்.

இருந்தும் முதல் சைக்கிளாக அதை நான் பரிந்துரைப்பதில்லை. முன்னே படுத்திருக்கும் நிலையில் கைகள் பிரேக்கில் இருப்பதில்லை. நிறுத்த வேண்டுமானால் கையை எடுத்து வேறிடத்தில் வைக்க வேண்டும். வளைவுகளிலும் பக்கக்காற்றிலும் அது எளிதில் தடுமாறும். குழுவாகப் பயிற்சி செய்பவர்கள் அந்த நிலையில் ஓட்டுபவரைத் தங்கள் நடுவே விரும்புவதும் இல்லை. மேலும், ஒருவர் பின்னால் ஒருவர் ஒட்டிச் சென்று காற்றிலிருந்து ஒதுங்க அனுமதிக்கும் போட்டிகளில் அத்தகைய பைக்குகளுக்கு இடமே கிடையாது. 2000ஆம் ஆண்டு சிட்னியில் டிரையத்லான் ஒலிம்பிக்கில் சேர்ந்தது முதல் அங்கே ஓடுவது வளைந்த ஹேண்டில்பார் கொண்ட ரோடு பைக்குகளே. பொதுப் பங்கேற்பாளர்களுக்கான போட்டிகளில் பெரும்பாலானவை இதற்கு நேர்மாறானவை. அவற்றில் முன்னால் செல்பவரிடமிருந்து, தொலைவைப் பொறுத்து, 10 அல்லது 12 மீட்டர் இடைவெளி விட வேண்டும். இரண்டு வகைப் போட்டிகளிலும், அன்றாடப் பயிற்சியிலும், மலைச்சாலையிலும் ஒருசேரப் பயன்படுவது ரோடு பைக் மட்டுமே.

காற்றின் எதிர்ப்பைக் குறைக்க வேண்டுமானால், ரோடு பைக்கின் ஹேண்டில்பாரின் மேல் பொருத்தும் ஏரோபார் என்ற இணைப்பு இருக்கிறது. 1989ஆம் ஆண்டு டூர் டி பிரான்ஸின் கடைசி நாள் தனிநபர் நேரப் போட்டியில் கிரெக் லெமாண்ட் இத்தகைய பாரைப் பயன்படுத்தி, மொத்தக் கணக்கில் 8 விநாடி வேறுபாட்டில் லோரான் ஃபின்யோனை வென்றது சைக்கிள் உலகம் அறிந்த செய்தி. அந்தக் கருவி அதற்கு முன்பே டிரையத்லான் வீரர்களிடம் புழக்கத்தில் இருந்தது. முதல் சில மாதங்கள் அது இல்லாமலே ஓட்டிப் பழகிவிட்டு, நேர்கோட்டில் ஒரு கையால் ஓட்டவும் தண்ணீர்ப் புட்டியை எடுத்து வைக்கவும் தடுமாற்றம் நீங்கிய பின் பொருத்துவது நல்லது.

முதல் போட்டியே குறுந்தொலைவு என்றால், கையில் இருக்கும் ஹைபிரிட் சைக்கிளோ மலைச் சைக்கிளோ போதும் என்பதையும் சொல்லிவிட வேண்டும். பிரேக் சரியாக வேலை செய்து, ஹேண்டில்பாரின் முனைகள் அடைப்பான் கொண்டு மூடப்பட்டிருந்தால் பெரும்பாலான போட்டிகளில் அதை அனுமதிப்பார்கள். ஒரு போட்டியை முடித்த பிறகும் ஆர்வம் குறையாமல் இருந்தால் அப்போது வாங்குவதில் எந்த இழப்பும் இல்லை.

அளவு

தொடக்க நிலையாளர் எல்லாவற்றையும்விட அதிக நேரம் செலவிட வேண்டிய இடம் இது. அளவு பொருந்தாத உயர்ந்த கார்பன் பைக்கைவிட, அளவு பொருந்திய எளிய அலுமினிய பைக் வேகமானது. காரணம், அதன் மேல் இரண்டு மணி நேரம் அசையாமல் அமர முடியும், இறங்கியவுடன் ஓடவும் முடியும்.

நிறுவனங்கள் 52, 54, 56 என்றோ சிறியது, நடுத்தரம், பெரியது என்றோ அளவிடுகின்றன. ஒரு நிறுவனத்தின் 54 இன்னொன்றின் 54க்குச் சமமாக இருப்பதில்லை. உண்மையில் ஒப்பிடத் தக்கவை இரண்டு எண்களே. நிறுவனத்தின் அளவு அட்டவணையில் ஸ்டாக், ரீச் என்ற பெயர்களில் அவை இருக்கும். பெடல்கள் சுழலும் அச்சின் மையத்திலிருந்து ஃபிரேமின் முன்குழாயின் உச்சி எவ்வளவு உயரத்தில் இருக்கிறது என்பது ஸ்டாக். அதே மையத்திலிருந்து அந்த உச்சி எவ்வளவு முன்னால் இருக்கிறது என்பது ரீச். ஸ்டாக் கூடினால் கைப்பிடி உயரும், முதுகு நிமிரும். ரீச் கூடினால் உடல் நீளும். இரண்டு பைக்குகளின் இந்த எண்களை அருகருகே எழுதிப் பார்த்தால், விளம்பர வாசகங்கள் சொல்லாத பலவும் தெரிந்துவிடும்.

ரோடு பைக்குகளுக்குள்ளும் இரு போக்குகள் உண்டு. பந்தயத்திற்கென்றே அமைந்தவற்றில் ஸ்டாக் குறைவு, ரீச் அதிகம். நெடுந்தொலைவு ஓட்டத்திற்கான எண்டூரன்ஸ் வகையில் ஸ்டாக் கூடுதல், ரீச் சற்றுக் குறைவு. முதுகும் தொடையின் பின்தசையும் இன்னும் பழகாத ஒருவருக்கு எண்டூரன்ஸ் வகையே ஏற்றது என்பது என் கருத்து. அது மெதுவாகச் செல்லும் என்ற பேச்சில் பாதிதான் உண்மை. சமதளத்தில் மணிக்கு 30 கி.மீ. வேகத்தைத் தாண்டும்போது, செலவாகும் ஆற்றலின் பெரும்பகுதி காற்றைத் தள்ளுவதற்கே போகிறது. அந்தக் காற்றெதிர்ப்பில் ஏறக்குறைய முக்கால் பங்கு ஓட்டுபவரின் உடலால் வருவது. காற்றுக்கெதிரான ஆற்றல் வேகத்தின் மும்மடியாக உயர்வதால், 30லிருந்து 33 கி.மீ.க்குச் செல்ல, அதாவது பத்தில் ஒரு பங்கு கூடுதல் வேகத்திற்கு, காற்றை வெல்லும் ஆற்றல் மூன்றில் ஒரு பங்கு கூடுதலாகத் தேவைப்படும். ஆகவே தாழ்ந்து அமர்வது முக்கியந்தான். ஆனால் தாழ்வான பைக்கில் வலியெடுத்து ஐந்து நிமிடத்திற்கொரு முறை நிமிர்பவரைவிட, சற்று உயர்ந்த பைக்கில் முழங்கையை மடக்கி இறுதிவரை தாழ்ந்திருப்பவரே வேகமாகச் செல்வார்.

இரண்டு அளவுகளுக்கு நடுவே நிற்பவர் எதை எடுப்பது என்று அடிக்கடி கேட்பதுண்டு. பின்னர் ஏரோபார் பொருத்தும் எண்ணம் இருந்தால் சிறிய அளவின் பக்கம் சாய்வது நல்லது. ஏரோபாரில் கைகள் வழக்கமான பிடியைவிட முன்னால் நீளும். பெரிய ஃபிரேமில் அது உடலை அளவுக்கு மீறி இழுத்துவிடும். ஹேண்டில்பாரை ஃபிரேமுடன் இணைக்கும் ஸ்டெமை நீளமானதாக மாற்றியும், அதன் கீழே வளையங்கள் சேர்த்து உயர்த்தியும் சிறிய ஃபிரேமை ஓரளவு பெரிதாக்கலாம். பெரிய ஃபிரேமைச் சிறிதாக்குவது அவ்வளவு எளிதன்று. மிகக் குட்டையான ஸ்டெம் போட்டால் திருப்பும் தன்மையே மாறிவிடும். இந்தத் திருத்தங்கள் எல்லாம் இரண்டு, மூன்று சென்டிமீட்டருக்குள் அடங்குபவை என்பதையும் நினைவில் வைக்க வேண்டும்.

இருக்கையின் உயரத்தை வீட்டிலேயே தோராயமாகக் கணக்கிடலாம். காலணியின்றிச் சுவரில் முதுகு சாய்த்து நின்று, ஒரு தடித்த புத்தகத்தைத் தொடைகளுக்கு இடையே இருக்கையைப் போல அழுந்த வைத்து, அதன் மேல்விளிம்பிலிருந்து தரைவரை அளக்க வேண்டும். அந்த அளவை 0.883 ஆல் பெருக்கினால், பெடல்கள் சுழலும் அச்சின் மையத்திலிருந்து இருக்கையின் மேற்பரப்பு வரை இருக்க வேண்டிய தொலைவு கிடைக்கும். 80 செ.மீ. என்றால் 70.6 செ.மீ. இது தொடக்கப் புள்ளி மட்டுமே. பெடல் கீழே இருக்கும்போது முழங்கால் 25 முதல் 35 பாகை வரை மடங்கியிருக்கிறதா என்று பக்கவாட்டிலிருந்து எடுத்த காணொளியில் சரிபார்த்துக்கொள்ளலாம். இடுப்பு இருபுறமும் ஆடினால் இருக்கை மிக உயரம். முழங்காலின் முன்புறம் வலித்தால் பெரும்பாலும் மிகத் தாழ்வு.

உயரம் குறைந்தவர்கள் இன்னும் மூன்றைக் கவனிக்க வேண்டும். சிறிய ஃபிரேம்களில் முன்சக்கரத்தைத் திருப்பும்போது காலணியின் நுனி டயரில் இடிக்கக்கூடும். வேகமாகச் செல்லும்போது சக்கரம் அவ்வளவு திரும்பாது என்றாலும், மெதுவாகத் திரும்பும் இடங்களில் இது விழ வைக்கும். பெடலைத் தாங்கிச் சுழலும் கிராங்கின் நீளம் 165 மி.மீ. போன்ற குட்டையான அளவில் கிடைக்கிறதா என்று கேட்க வேண்டும். குட்டையான கிராங்க் பெடல் மேலே வரும்போது இடுப்பு மடிப்பை விரிவாக்குவதால், முன்னே தாழ்ந்து ஓட்டும் டிரையத்லானில் அது உயரமானவர்களுக்கும் நன்மையே. மூன்றாவது, தண்ணீர்ப் புட்டிகள். சில சிறிய ஃபிரேம்களில் இரண்டாவது புட்டி நுழையும், ஆனால் வெளியே வராது. கடையிலேயே போட்டுப் பார்ப்பது நல்லது.

பிரேக், டயர், ஹேண்டில்பார்

பிரேக் இரு வகை. சக்கரத்தின் விளிம்பைப் பிடிக்கும் ரிம் பிரேக், அச்சருகே உள்ள தட்டைப் பிடிக்கும் டிஸ்க் பிரேக். ஃபிரேம் எதற்கென்று செய்யப்பட்டதோ அதுதான். ஒன்றை மற்றொன்றாக மாற்ற முடியாது. நனைந்த சாலையிலும் நீண்ட இறக்கத்திலும் டிஸ்க் பிரேக், அதிலும் எண்ணெய் அழுத்தத்தில் இயங்கும் வகை, விரல் நுனியின் சிறு அழுத்தத்திற்கே ஒழுங்காக நிற்கிறது. ரிம் பிரேக் இலகுவானது. பழுது பார்ப்பதும் எளிது. இன்று புதிதாக வரும் ரோடு பைக்குகளில் பெரும்பாலானவை டிஸ்க் பிரேக் கொண்டவையே என்பதால் புதியது வாங்குபவருக்கு இதில் பெரிய தேர்வு இல்லை. பயன்படுத்திய பைக் வாங்குபவருக்கு மட்டும் நல்ல ரிம் பிரேக் பைக் இன்னும் மதிப்புள்ள வாய்ப்பாக இருக்கிறது. டிஸ்க் பைக்கைச் சக்கரம் கழற்றி எடுத்துச் செல்லும்போது, பிரேக் பட்டைகளுக்கு நடுவே தடுப்புத் துண்டு ஒன்றைச் செருக மறக்கக் கூடாது. தவறிப் பிரேக்கை அழுத்தினால் பட்டைகள் ஒட்டிக்கொண்டு, போட்டியன்று காலையில் சக்கரம் உள்ளே நுழையாது.

ரோடு பைக் டயர்கள் ஒரு காலத்தில் 23 மி.மீ. அகலத்தில், கல் போல் காற்றடித்து ஓட்டப்பட்டன. மெல்லிய டயர்தான் வேகமானது என்ற அந்த எண்ணம் இன்று மாறிவிட்டது. ஒரே காற்றழுத்தத்தில் அகலமான டயரின் தரையைத் தொடும் பகுதி குட்டையாக இருப்பதால் அது குறைவாகவே நசுங்கி உருள்கிறது. அழுத்தத்தைக் குறைத்து ஓட்டும்போது கரடுமுரடான சாலையின் அதிர்வு உடலுக்குள் செல்லாமல் டயரிலேயே அடங்குகிறது. ஏறத்தாழ 70 கிலோ எடையுள்ள ஒருவருக்கு 28 மி.மீ. டயரில் 65 முதல் 75 பி.எஸ்.ஐ. வரை போதுமானது. எனவே ஃபிரேமில் குறைந்தது 28 மி.மீ., இயன்றால் 32 மி.மீ. டயருக்கு இடம் இருக்க வேண்டும். உடன் வரும் டயர் மலிவானதாக இருந்தால் கவலையில்லை. அதை மாற்றுவதுதான் இருப்பதிலேயே பலனுள்ள முதல் மேம்பாடு.

ஹேண்டில்பாரைப் பொறுத்தவரை, பலர் கவனிக்காமல் விடும் ஒன்று உண்டு. ஏரோபாரின் பிடிகள் நடுவே உருண்டையான 31.8 மி.மீ. குழாயில் பொருந்துமாறு செய்யப்பட்டவை. இப்போது வரும் சில பைக்குகளில் ஹேண்டில்பார் தட்டையாகவோ, ஸ்டெமுடன் ஒரே துண்டாகவோ இருக்கிறது. அதில் பொதுவான ஏரோபார் பொருந்தாது, அல்லது அந்தக் கார்பன் பாரைத் தயாரித்த நிறுவனமே பிடியைப் பொருத்துவதைத் தடை செய்திருக்கும். கம்பிகள் முழுவதும் ஃபிரேமுக்குள் மறைந்திருக்கும் பைக்கில் ஸ்டெமை மாற்றுவதுகூட ஒரு நாள் வேலையாகிவிடும். பார்வைக்கு நேர்த்தியானதுதான், ஆனால் அமரும் நிலையை இன்னும் தேடிக்கொண்டிருக்கும் புதியவருக்கு, உருண்டையான சாதாரண ஹேண்டில்பாரும் தனி ஸ்டெமும் உள்ள பைக்கே உகந்தது.

கியர்

கியர்களின் மொத்த எண்ணிக்கை பெரிய விஷயமன்று. மிகச் சிறிய கியர் எவ்வளவு சிறியது என்பதே கேட்க வேண்டிய கேள்வி. முன்புறப் பல்சக்கரங்கள் 50/34 பற்கள் கொண்டதைக் காம்பாக்ட் என்பார்கள். 52/36, 53/39 ஆகியவை வலுவானவர்களுக்கானவை. பின்புறப் பல்சக்கரத் தொகுதியான கேசட்டில் பற்கள் 11 முதல் 28 வரையிலோ, 11 முதல் 34 வரையிலோ இருக்கும்.

கணக்கிட்டுப் பார்ப்போம். சக்கரம் ஒரு முறை சுழன்றால் பைக் ஏறத்தாழ 2.1 மீட்டர் செல்கிறது. முன்னே 39, பின்னே 25 பற்கள் உள்ள கியரில் நிமிடத்திற்கு 60 முறை மிதித்தால் வேகம் மணிக்குக் கிட்டத்தட்ட 12 கி.மீ. செங்குத்தான ஏற்றத்தில் அந்த வேகத்தைத் தர முடியாதவர் இன்னும் மெதுவாக, இன்னும் அழுத்தி மிதிக்க வேண்டிவரும். தொடைகள் அங்கேயே தீர்ந்துவிடும். முன்னே 34, பின்னே 32 என்றால் அதே 60 சுழற்சியில் வேகம் 8 கி.மீ.தான்; ஏற்றத்தில் தேவைப்படும் ஆற்றலும் மூன்றில் ஒரு பங்கு குறைகிறது. மறுமுனையில், 50க்கு 11 என்ற கியரில் நிமிடத்திற்கு 90 சுழற்சி மிதித்தால் மணிக்கு 51 கி.மீ.க்கு மேல் செல்லலாம். காம்பாக்ட் போதாது என்று சொல்பவர் எத்தனை முறை அந்த வேகத்தைத் தொட்டார் என்று கேட்டுப் பார்க்கலாம். சைக்கிளுக்குப் பின் ஓட வேண்டியிருப்பதால், டிரையத்லானில் தாழ்ந்த கியர் கூச்சப்பட வேண்டிய ஒன்றல்ல.

கியர் அமைப்புகளின் படிநிலையைப் பொறுத்தவரை, ஷிமானோ நிறுவனத்தில் கிளாரிஸ், சோரா, டியாக்ரா, 105, அல்டெக்ரா, டியூரா-ஏஸ் என்று ஏறிச் செல்லும். ஸ்ராம் நிறுவனத்தில் ஏபெக்ஸ், ரைவல், ஃபோர்ஸ், ரெட். மேலே போகப் போக எடை குறையும், மாறும் தன்மை மென்மையாகும். டியாக்ராவோ அதற்கு இணையானதோ இருந்தால் ஒரு தொடக்க நிலையாளருக்கு ஒரு குறையும் இல்லை. மின்னணு கியர் ஒரே ஓர் இடத்தில் டிரையத்லானுக்குத் தனி நன்மை தருகிறது: பொருத்தமான அமைப்புகளில் ஏரோபாரின் நுனியில் கூடுதல் பொத்தான்களை வைத்துக் கையை எடுக்காமலே கியர் மாற்றலாம். கம்பியால் இயங்கும் ரோடு பைக் கியரில் ஒவ்வொரு மாற்றத்திற்கும் கை பழைய பிடிக்குத் திரும்ப வேண்டும். முதல் பைக்கில் இந்த நன்மைக்காக வரவு செலவை நீட்ட வேண்டியதில்லை.

ஃபிரேமின் மூலப்பொருளும் எடையும்

அலுமினியம், கார்பன், ஸ்டீல், டைட்டானியம் என நான்கு. புதியவர் தேர்ந்தெடுப்பது பெரும்பாலும் முதல் இரண்டுக்குள் அடங்கும். கார்பன் இலகுவானது, அதிர்வைக் குறைப்பது, காற்றுக்கேற்ற வடிவில் வார்க்க எளிதானது. அலுமினியம் மலிவானது, தடுக்கி விழுந்தாலும் சேதம் கண்ணுக்குத் தெரியும். ஒரே தொகையில் கார்பன் ஃபிரேமும் தாழ்ந்த பாகங்களும் கொண்ட பைக், அலுமினிய ஃபிரேமும் நல்ல பாகங்களும் கொண்ட பைக் என்று இரண்டு வந்தால், நான் இரண்டாவதையே எடுப்பேன்.

எடையைப் பற்றிய மயக்கத்தை ஒரு கணக்கு தீர்த்துவிடும். ஓட்டுபவரும் பைக்கும் சேர்ந்து 80 கிலோ என்றால், ஒரு கிலோ குறைவது 1.25 விழுக்காடு. இருபது நிமிட மலையேற்றத்தில் அதனால் கிடைப்பது அதிகபட்சம் 15 விநாடி. சமதளத்தில் அதுவும் இல்லை.

நிறத்தைப் பார்த்து வாங்குபவரை நான் குறை சொல்வதில்லை. அளவும் பிரேக்கும் சரியாக அமைந்த இரண்டு பைக்குகளில், விடியற்காலையில் தன்னை எடுத்து ஓட்டத் தூண்டும் பைக்கே உண்மையில் பயிற்சியைக் கூட்டும்.

பயன்படுத்திய பைக்கை வாங்குவதானால்

நல்ல பைக்குகள் பல, ஒன்றிரண்டு போட்டிகளுக்குப் பின் மூலையில் நின்றுவிடுகின்றன; அவை கைமாறும்போது புதியவருக்கு நல்ல வாய்ப்பு. அளவு பொருந்தவில்லை என்றால் மட்டும் எவ்வளவு மலிவாக வந்தாலும் விட்டுவிட வேண்டும்.

ஃபிரேமைத் துடைத்துவிட்டு வெளிச்சத்தில் பார்க்க வேண்டும். குழாய்கள் இணையும் இடங்கள், பெடல் அச்சைச் சுற்றிய பகுதி, முன்கவையின் அடிப்பகுதி ஆகியவற்றில் மயிரிழை விரிசல் இருக்கிறதா என்று விரல் நுனியால் தடவியும் பார்ப்பது நல்லது. கார்பன் ஃபிரேம் விழுந்திருந்தால் உள்ளே உடைந்தும் வெளியே பூச்சு கெடாமல் இருக்கலாம். ஆகவே விழுந்த வரலாற்றை நேராகக் கேட்டு, பதில் தயங்கி வந்தால் தேர்ந்த பழுதுநரிடம் காட்டாமல் வாங்கக் கூடாது. செயினில் 24 இணைப்புகள் புதிதாக இருக்கும்போது 304.8 மி.மீ. நீளம், அது 307 மி.மீ.க்கு வந்திருந்தால் செயின் தேய்ந்துவிட்டது, பெரும்பாலும் கேசட்டும் உடன் தேய்ந்திருக்கும். முன்பிரேக்கைப் பிடித்துக்கொண்டு பைக்கை முன்னும் பின்னும் அசைத்தால் கைப்பிடித் தாங்கியில் ஆட்டம் இருக்கிறதா என்று தெரியும். கிராங்கைப் பக்கவாட்டில் ஆட்டினால் பெடல் அச்சின் தாங்கி எப்படி இருக்கிறது என்று தெரியும். இருக்கையைத் தாங்கும் தண்டு மேலும் கீழும் நகர்கிறதா என்பதைக் கட்டாயம் பார்க்க வேண்டும். இறுகிப்போனதைக் கழற்ற முயன்று ஃபிரேமே வீணாவதுண்டு. ரிம் பிரேக் பைக்கானால் சக்கர விளிம்பின் பிரேக் பரப்பு உட்குழிந்திருக்கக் கூடாது. திருட்டுப் பொருளைத் தவிர்க்க, ஃபிரேமின் அடியில் பொறிக்கப்பட்ட வரிசை எண்ணையும் வாங்கிய ரசீதையும் கேட்பதில் தயக்கம் வேண்டாம்.

ஓட்டிப் பார்ப்பது

கடை வாசலில் ஒரு வட்டம் சுற்றி வருவது ஓட்டிப் பார்ப்பதாகாது. இருக்கை உயரத்தைச் சரிசெய்யச் சொல்லி, அரை மணி நேரமாவது ஓட்ட அனுமதி கேட்க வேண்டும். ஹேண்டில்பாரின் மேற்பகுதி, பிரேக் பிடி, கீழ்வளைவு என்ற மூன்று இடங்களிலும் கையை வைத்துப் பார்க்க வேண்டும்; கீழ்வளைவிலிருந்து பிரேக்கை விரல்கள் எட்டுகின்றனவா என்பது சிறிய கை உடையவர்களுக்கு மிக முக்கியம். பெரும்பாலான பிடிகளில் இந்த எட்டும் தொலைவைக் குறைக்க ஒரு திருகு இருக்கும். உள்ளங்கை மரத்துப்போனால் எடை அளவுக்கு மீறி முன்னே விழுகிறது என்று பொருள். கழுத்து வலித்தால் கைப்பிடி மிகத் தாழ்வு அல்லது மிகத் தொலைவு.

டிரையத்லானுக்கென்றே ஒரு சோதனையைச் சேர்த்துக்கொள்வது நல்லது: ஓடும் காலணியை எடுத்துச் சென்று, பைக்கிலிருந்து இறங்கியவுடன் பத்து நிமிடம் ஓடிப் பார்க்க வேண்டும். முதல் இரண்டு நிமிடம் கால் கனப்பது எல்லோருக்கும் உள்ளது. இடுப்பின் முன்புறமோ கீழ்முதுகோ அதன் பின்னும் இறுக்கமாகவே இருந்தால், அந்த பைக்கில் அமரும் நிலை ஓட்டத்திற்கு ஒத்துவரவில்லை. இருக்கையை நகர்த்தியும் ஸ்டெமை உயர்த்தியும் அது தீரவில்லையென்றால் வேறு ஃபிரேமைப் பார்க்கலாம்.

இருக்கை மட்டும் வலித்தால் அதற்காகப் பைக்கை நிராகரிக்க வேண்டாம். அது மாற்றக் கூடியது. இடுப்பெலும்பின் அகலத்திற்கேற்ற இருக்கையைப் பின்னர் தேடிக்கொள்ளலாம்.

பைக்குக்கு அப்பால் எடுத்து வைக்க வேண்டிய தொகை

முழுத் தொகையையும் பைக்கிற்கே செலவிட்டுவிட்டு, தலைக்கவசத்திற்குக் கை விரிப்பது புதியவர்களிடம் அடிக்கடி காணும் பிழை. உரிய பாதுகாப்புத் தரச் சான்று பெற்ற, தலைக்குச் சரியாகப் பொருந்தும் தலைக்கவசம் இல்லாமல் எந்தப் போட்டியிலும் பைக்கைத் தொடவே முடியாது. நிறுத்துமிடத்திலிருந்து பைக்கை எடுக்கும் முன் அதன் வார் பூட்டப்பட்டிருக்க வேண்டும், திரும்ப வைத்த பிறகே அவிழ்க்க வேண்டும். காற்றடிக்கும் பம்பு, மாற்று டியூப், டயர் நெம்புகோல், சிறு கருவித் தொகுப்பு ஆகியவற்றையும் பைக்கின் விலையிலேயே சேர்த்துக் கணக்கிட வேண்டும். சக்கரத்தைக் கழற்றி டியூபை மாற்றும் வித்தையைப் போட்டிக்கு முன்பே கற்றுக்கொண்டிருக்க வேண்டும். போட்டியில் வெளியாரின் உதவியைப் பெறுவது பொதுவாக விதிமீறல்.

ரோடு பைக்குகள் பல பெடல் இல்லாமலே விற்கப்படுகின்றன. காலணியைப் பெடலில் பூட்டும் அமைப்பில் இரண்டு திருகு வகையும் மூன்று திருகு வகையும் உண்டு. மூன்று திருகு வகையின் அடித்தட்டு அகலமானது, மிதிக்கும்போது உறுதியாக இருக்கும். ஆனால் அதில் நடப்பதும் ஓடுவதும் கடினம், டிரையத்லானிலோ பைக்கைத் தள்ளிக்கொண்டு ஓட வேண்டும். இரண்டு திருகு வகையின் காலணியில் பெடலில் பூட்டும் உலோகத் துண்டு உட்குழிவில் மறைந்திருப்பதால் சாதாரணமாக நடக்கலாம். பூட்டு பெடலுக்குப் பழகாதவர் முதல் குறுந்தொலைவுப் போட்டியைத் தட்டைப் பெடலில், ஓடும் காலணியிலேயே முடிக்கலாம். காலணி மாற்றும் நேரமும் மிச்சமாகும்.

மீதம் தொகை இருந்தால், அதை இந்த வரிசையில் செலவிடுவது என் விருப்பம்: தேர்ந்தவரிடம் உடலுக்கேற்பப் பைக்கைப் பொருத்திக்கொள்வது, நல்ல டயர், மெத்தையிட்ட கால்சட்டை, அதன் பிறகு ஏரோபார். ஆழமான விளிம்புள்ள கார்பன் சக்கரங்கள் இந்த வரிசையில் மிகவும் பின்னால்தான் வருகின்றன. ஏரோபார் பொருத்தியவுடன் அமரும் நிலை மாறும் என்பதால், பைக்கைப் பொருத்திக்கொள்ளச் செல்லும்போதே அந்த எண்ணத்தைச் சொல்லிவிட வேண்டும். இருக்கையைச் சற்று முன்னே தள்ளி, தேவையானால் குட்டையான ஸ்டெம் போட்டு, இரண்டு நிலைக்கும் இசைவாக அவர் அமைத்துத் தருவார்.

புதிய பைக்கின் கியர் கம்பிகள் முதல் சில வாரங்களில் சற்றே தளரும். கியர் தானாகத் தாவுவதும் செயின் உரசுவதும் அப்போது இயல்பு. ஆகவே போட்டிக்குக் குறைந்தது ஆறு வாரங்களுக்கு முன்பாகவே பைக்கை வாங்கி, சில நூறு கிலோமீட்டர் ஓடிய பின் கடையில் ஒரு முறை சரிபார்த்து வாங்கிக்கொண்டு, போட்டிக்கு முந்தைய வாரத்தில் எந்தப் பாகத்தையும் மாற்றாமல் இருப்பது நல்லது.